யாரும் கை தூக்கவில்லை

அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தபோது வந்தது.

இது பிழைக்காது.

அவள் கை முறத்திலேயே நின்றுவிட்டது. தெருவில் போன வண்டி நின்றது. எதிர்வீட்டில் துணி துவைக்கும் சத்தம் நின்றது. ஊரே ஒரு மூச்சுக்கு அசையாமல் நின்று, பிறகு ஒன்றும் நடக்காததுபோல அவரவர் வேலையைப் பார்த்தது.

அந்த ஊரில் அப்படித்தான். யாருக்கோ ஒரு நினைப்பு முட்டிக்கொண்டு வந்தால், எல்லார் தலைக்குள்ளும் சேர்ந்தே வந்துவிடும். யாருடையது என்று தெரியாது. நினைத்தவர் வாசலுக்கு வந்து கையைத் தூக்க வேண்டும். தூக்கினால் அடங்கிவிடும். ஏன், எதற்கு என்று ஒருவரும் கேட்க மாட்டார்கள்.

தூக்காவிட்டால் திரும்பத் திரும்ப வரும்.

உள்ளே தூளியில் குழந்தை கிடந்தது. காய்ச்சல். வாயில் எதை வைத்தாலும் நாக்கால் தள்ளிவிடுகிறது. அழக்கூட இல்லை. இன்னும் பேர் வைக்கவில்லை. பிள்ளையின் முதல் நினைப்பு ஊருக்கு வந்த பிறகுதான் அங்கே பேர் வைப்பார்கள். அதுவரை எல்லாப் பிள்ளையும் 'இது'தான்.

என்னுடையது இல்லை என்று அவள் சொல்லிக்கொண்டாள். பெற்றவளுக்குப் போய் அப்படி வருமா? யாரோ ஆட்டை நினைத்திருப்பார்கள். வாடின பயிரை நினைத்திருப்பார்கள்.

இது பிழைக்காது.

முறத்தைப் பார்த்தாள். கல்லை விட்டுவிட்டு அரிசியைப் பொறுக்கி எறிந்திருந்தாள்.

எழுந்தாள். தூளியை ஆட்டினாள். துணியை நனைத்துக் குழந்தையின் நெற்றியில் போட்டாள், எடுத்தாள், மறுபடி நனைத்தாள். புருஷன் கோவன் சுவரோரம் உட்கார்ந்து அவளைப் பார்க்காமல் இருந்தான். பார்க்காமல் இருக்க அவன் படுகிற பாடு அவளுக்கு எரிச்சலாக வந்தது.

பக்கத்து வீட்டு வெண்ணியக்கா தன் வாசலில் நின்று கையைத் தூக்கினாள்.

"எங்க கன்னுக்குட்டியத்தான்டி நெனச்சேன். எந்திரிச்சு நிக்கவே மாட்டேங்குது" என்று இவள் ஜன்னலைப் பார்த்துச் சத்தமாகச் சொன்னாள். அவளை யார் கேட்டது? கன்றுக்குட்டி அவளுக்குப் பின்னாலேயே துள்ளிக்கொண்டிருந்தது.

இது பிழைக்காது.

அக்கா கையை இறக்கிக்கொண்டு உள்ளே போனாள்.

அடுத்து கோவன் எழுந்தான். வாசலுக்குப் போய்க் கையைத் தூக்கினான். தெருவில் யாரோ அப்பாடா என்று மூச்சு விட்டது உள்ளே கேட்டது.

அவள் மட்டும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தாள். வராதே. வராதே.

வந்தது.

கோவன் திரும்பி வந்து அதே இடத்தில் உட்கார்ந்தான். இப்போது அவளைப் பார்த்தான்.

"கையத் தூக்கிட்டு வந்துரு. நான் ஒண்ணும் தப்பா நெனைக்க மாட்டேன்."

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"தூக்கினா அது நெசமாயிரும்."

அவன் எழுந்துபோய் நெற்றித் துணியை நனைத்துக்கொண்டு வந்தான்.

பொழுது சாயும்வரை அது வந்துகொண்டே இருந்தது. தெருமுனைக் குயவர் வனைந்த பானையெல்லாம் கோணிப்போனது. போட்ட சோறு பல வீடுகளில் தட்டிலேயே காய்ந்தது. இத்தனைக்கும் ஒருவரும் அவள் வீட்டு வாசலைத் திரும்பிப் பார்க்கவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை.

பிறகு வேறொன்று வந்தது.

அதில் சொல்லே இல்லை. வயிற்றில் ஒரு இழுப்பு. நாக்கில் இளஞ்சூடாக ஏதோ ஒரு ருசி, வந்தும் வராமலும். ஜன்னல் வழியே பார்த்தாள். தெருவில் நின்ற ஊர்க் காவல்காரர் அத்தனை பெரிய மீசையோடு உதட்டைக் குவித்துச் சப்பிக்கொண்டிருந்தார். வெண்ணியக்காவின் கட்டைவிரல் வாய்க்குப் போய்விட்டது. கோவனின் உதடும் குவிந்திருந்தது.

அவளுடையதும்.

பால் வேண்டும். அவ்வளவுதான்.

யாரும் கை தூக்கவில்லை. மறுபடியும் வந்தது, இந்தத் தடவை கோபமாக.

அவள் தூளியை விலக்கிப் பார்த்தாள்.

கண் திறந்திருந்தது. வாய் வெறுங்காற்றைச் சப்பிக்கொண்டிருந்தது.

"ஐயோ, என் தங்கமே" என்று அள்ளி மார்பில் போட்டுக்கொண்டாள். குழந்தை நாக்கால் தள்ளவில்லை. பிடித்து இழுத்தது. வலித்தது. அந்த வலி அவளுக்கு அவ்வளவு பிடித்திருந்தது.

குடிக்கக் குடிக்கவே முந்தானையை இழுத்து மூடிக்கொண்டு வாசலுக்கு வந்தாள். தெரு முழுக்க ஆட்கள். முந்தானைக்குள்ளிருந்து சின்னக் கையை வெளியே எடுத்து உயரத் தூக்கிப் பிடித்தாள்.

வெண்ணியக்கா ஓவென்று அழுதுவிட்டாள்.

"பேரு என்னடி? பேரச் சொல்லு!" என்று யாரோ கத்தினார்கள்.

அவள் சொல்லவில்லை. அதற்கு முன்னால் ஒரு வேலை இருந்தது. கொஞ்சம் தாமதித்தாலும் துணிச்சல் போய்விடும்.

குழந்தையின் கையை மெல்ல இறக்கி உள்ளே வைத்தாள். குழந்தையை இடது கைக்கு மாற்றி இறுக்கிக்கொண்டாள்.

தன் கையைத் தூக்கினாள்.