கடற்பசுவின் கை

2022 பெப்ரவரி, மன்னார். அமிர்தநாயகத்தின் கட்டுரைத் தொகுதி மெய்ப்புப் பார்ப்பதற்காக வீட்டுக்கு வந்திருந்தது. மூன்று பகுதிகள்: இலக்கியம், பரிணாமம், கல்வி.

சீனி வருத்தம், அதாவது நீரிழிவு, அவருடைய பார்வையை முழுதாக எடுத்துவிட்டது. ஆசிரியையாக இருந்த மனைவி கிறேஸுக்கு இரண்டு கண்ணிலும் வெண்படலம். வாசித்துக் காட்ட வந்தவர் மீராசாஹிபு, பக்கத்துத் தாராபுரத்தில் இருக்கும் ஓய்வுபெற்ற இஸ்லாம் பாட ஆசிரியர்.

அமிர்தநாயகத்தின் பரிணாமக் கட்டுரைகளை இளம் வயதிலிருந்தே பத்திரிகைகளில் மறுத்து எழுதி வந்தவரும் அவர்தான்.

கிறேஸுக்கு இந்த ஏற்பாடு பிடிக்கவில்லை. தனக்கு வேண்டாததை அவர் விட்டுவிட்டு வாசித்தால் யார் கண்டுபிடிப்பது என்று கேட்டார். நான் எழுதியது எனக்குத் தெரியாதா என்றார் அமிர்தநாயகம்.

இலக்கியப் பகுதி சண்டையில்லாமல் முடிந்தது. பரிணாமம் தொடங்கிய அன்று கிறேஸ் அடுப்பை அணைத்துவிட்டு வந்து கணவருக்குப் பக்கத்தில் கதிரை போட்டு இருந்தார்.

“ரீச்சர் காவலுக்கு வந்திட்டா. இனிக் களவெடுக்க ஏலாது,” என்றார் மீராசாஹிபு.

கடற்பசுவைப் பற்றிய கட்டுரை. ஒரு பக்கம் முடிந்தது. அடுத்த பக்கத்தின் நடுவில் குரல் நின்றது.

அமிர்தநாயகம் தலையாட்டிக்கொண்டிருந்தார். அவருக்கு எதுவும் குறைந்ததாகத் தெரியவில்லை.

“இதில ஒரு பந்தி இல்லை, சேர்.”

பழைய பத்திரிகை நறுக்கில் கறையான் தின்ற இடமாக இருக்கும் என்றார் அமிர்தநாயகம். வேறு பிரதி கிடையாது. என்ன எழுதினேன் என்பதும் நினைவில்லை, அப்படியே போகட்டும் என்றார்.

மீராசாஹிபு கண்ணாடியைக் கழற்றினார். தாளைப் பார்க்காமல் சொன்னார்:

“கடற்பசுவின் துடுப்பை அறுத்துப் பார்த்தால் உள்ளே ஐந்து விரல்களின் எலும்புகள் இருக்கின்றன. கடலில் வாழும் விலங்குக்குக் கை எதற்கு என்று கேட்கிற பிள்ளையை அதட்டாதீர்கள். கல்வி அந்தக் கேள்வியில்தான் தொடங்குகிறது.”

கிறேஸ் குரல் வந்த பக்கம் திரும்பினார். இது எப்படி உங்களுக்கு மனப்பாடம் என்று கேட்டார்.

“தொண்ணூறில இயக்கக்காரர் முஸ்லிம் ஆக்களை ஊரை விட்டுப் போகச் சொன்னவங்கள்தானே, ரீச்சர். ஒரு பையோட வெளிக்கிட்டனாங்கள். மறுத்து எழுதவெண்டு இந்தக் கட்டுரை வந்த பேப்பரையும் மடிச்சு வச்சனான். புத்தளம் முகாமில வாசிக்க வேற ஒண்டும் இல்லை. கிழிஞ்சு போகுமட்டும் அதைத்தான் வாசிச்சனான்.”

பக்கத்தின் ஓரத்தில் அந்தப் பந்தியை எழுதினார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு மேலே வாசித்தார்.

நூல் ஏப்ரலில் வந்தது. பந்தி அதன் இடத்தில் இருக்கிறது.

மே மாதம் அந்தப் பந்தியை மட்டும் மறுத்து ஒரு பத்திரிகையில் கட்டுரை வெளியானது. எழுதியவர் மீராசாஹிபு.