பொரோத்தோவின் கடைசிக் குச்சி

"யோவ், அந்தக் கையை வெட்டிப் போட்டாத்தான்யா எங்க ஊரு மாடெல்லாம் சினை பிடிக்கும்!"

பால் சங்க வாசலில், அத்தனை பேர் முன்னாடி தார்தோ கத்தினான். அன்செல்மோ தலையைக் குனிந்துகொண்டு நின்றான்.

அன்செல்மோதான் எங்கள் ஊர் மாடுகளுக்குச் சினை ஊசி போடுகிறவன். தார்தோ, என் பக்கத்து வீட்டு இர்மாவின் தம்பி. அவன் கோபத்தில் நியாயம் இல்லை என்று எப்படிச் சொல்வது?

இர்மாவின் ஒரே பிள்ளை ஃபப்ரீசியோ, போன வருஷக் குளிர்காலத்தில் டிராக்டரோடு ஓடையில் கவிழ்ந்து போய்ச் சேர்ந்தான். அவன் ஆசையாய் வளர்த்த காளை, பொரோத்தோ. பொரோத்தோ என்றால் அவரைக்கொட்டை. அப்படிக் காளைக்கு யாராவது பேர் வைப்பார்களா? அவன் வைத்தான். அந்த இளங்காளையும் கோடையில் கம்பிவேலி ஓரமாய் நின்று இடி விழுந்து செத்தது. ஒரு கன்றுகூடக் கொடுத்துவிட்டுப் போகவில்லை.

மிச்சம் இருந்தது, ஃபப்ரீசியோ முன்கூட்டியே எடுத்து வைத்த நாலு உறைவிந்துக் குச்சிகள்தான். அவன் அறை மூலையில், நைட்ரஜன் குடுவைக்குள்.

"பொரோத்தோ கன்னு ஒண்ணு என் முற்றத்துல துள்ளிட்டா போதும். என் பிள்ளை முழுசாப் போயிடலைன்னு நினைச்சுக்குவேன்" என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லி அழுவாள் இர்மா.

மூன்று குச்சி வீணாய்ப் போனது. நாலாவதையும் ஒரு மாட்டுக்குப் போட்டார்கள். நேற்று அந்த மாடும் மறுபடி கத்த ஆரம்பித்துவிட்டது. சினை நிற்கவில்லை.

"வாயைத் தொறந்து பேசுய்யா!" தார்தோ விடவில்லை. "குச்சியைக் குடுவைக்கு வெளியே தூக்கிட்டுப் பராக்குப் பார்த்துட்டு நின்னியா? வெளிக்காத்து பட்டா உள்ளே இருக்கிற உசுரு போயிடும்னு தெரியாது உனக்கு?"

அன்செல்மோ வெடுக்கென்று நிமிர்ந்தான். "ஐயோ, அது இல்லண்ணே! அதை இர்மா அக்காகிட்ட சொல்லிடாதீங்க. நான்... நான் நைட்ரஜன் ஊத்த மறந்துட்டேன். குடுவை காஞ்சுபோச்சு. நாலும் அப்பவே செத்திருக்கும். தப்பு என்னோடதுதான்."

கூட்டம் 'அடப்பாவி' என்றது. தார்தோ அடிக்கவே போய்விட்டான்.

சங்கத் தலைவர் அவனிடமிருந்த நைட்ரஜன் கேனை வாங்கி உள்ளே வைத்தார். "நாளையிலேர்ந்து வேற ஆளை வச்சுக்கிறோம். நீ கிளம்பு" என்றார்.

வேறு பிழைப்புத் தெரியாதவன். தொப்பியை மாட்டிக்கொண்டு போய்விட்டான்.

எனக்கு மட்டும் மனசு ஒப்பவில்லை. கொட்டுகிற மழையிலும் மோட்டார் சைக்கிளில் கேனைக் கட்டிக்கொண்டு வந்து, இர்மா வீட்டுக் குடுவையை நிரப்பிவிட்டுப் போவான். என் ஜன்னலிலிருந்து பார்த்திருக்கிறேன். இவனா மறந்தான்? சரி, அவனே ஒத்துக்கொண்ட பிறகு நான் யார் வக்காலத்து வாங்க?

சாயந்திரம் சூடாய் மாத்தே தேநீர் போட்டு எடுத்துக்கொண்டு இர்மாவைப் பார்க்கப் போனேன். மகன் அறையில், குடுவை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். விரல் நுனிகளில் துணி சுற்றியிருந்தது. அடுப்பில் சுட்டுக்கொண்டாள் போலிருக்கிறது என்று நினைத்தேன்.

"அன்செல்மோ வந்துட்டுப் போனான், ஓல்கா. மறந்துட்டேன்னு அவனே சொல்லிட்டு அழுதான். வேலை போயிடுச்சாமே, பாவம். ஆனா எனக்கு மன்னிக்க மனசு வரலடி."

"விடுங்க அக்கா. இதைக் குடிங்க."

"எப்படி விடுறது? நான் எவ்வளவு பத்திரமாப் பார்த்துக்கிட்டேன்! என் பிள்ளையை ஓடையிலேர்ந்து தூக்கிட்டு வந்தப்போ தொட்டுப் பார்த்தேன். ஐஸா இருந்தான். அவன் கையைத் தேய்ச்சுத் தேய்ச்சுப் பார்த்தேன், சூடே வரல. அவன் பொருளும் இப்படிக் குளிர்லயே கிடக்குதேன்னு எனக்குத் தாங்கல."

"அதுக்கு?" என்றேன்.

"ஞாயிற்றுக்கிழமை பூசை முடிஞ்சு வந்ததும் மூடியைத் திறப்பேன். நாலையும் வெளியே எடுத்துக் கொஞ்ச நேரம் உள்ளங்கையில வச்சுப்பேன். பனியைத் துணியால துடைச்சு, அவன் பேரைச் சொல்லி முத்தம் கொடுத்துட்டுத் திரும்ப உள்ளே வச்சிடுவேன். பாரு, அந்தக் குளிர்ல விரலெல்லாம் வெந்து இன்னும் ஆறல. இருந்தாலும் ஒரு வாரம்கூட விட்டதில்ல."

குடுவைப் பக்கமே அவளை அண்டவிடமாட்டான் ஃபப்ரீசியோ. ஏன் என்று அவளுக்குச் சொன்னதில்லை போலிருக்கிறது.

"இது... அன்செல்மோவுக்குத் தெரியுமா அக்கா?"

"தெரியுமே! கடைசிக் குச்சியைப் போட வந்த அன்னைக்கு, நான் கையில வச்சிருந்ததைப் பார்த்துட்டான். கதவுகிட்டயே நின்னுட்டான். தொப்பியைக் கழட்டினான். கண்ணெல்லாம் கலங்கிடுச்சு."

மாத்தே என் கையிலேயே ஆறிப்போனது. அழுதால் ஏன் என்று கேட்பாளே என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

இர்மா என் கையைப் பிடித்து இழுத்தாள்.

"நீயே சொல்லு ஓல்கா. ஒரு தாயா, நான் பார்த்துக்கிட்டதுல ஏதாவது குறை உண்டா?"

துணி சுற்றிய அந்த விரல்களை என் இரண்டு கைக்குள்ளும் பொத்திக்கொண்டேன்.

"உங்க மேல ஒரு குறையும் இல்லக்கா. எல்லாம் அந்தப் பாவி அன்செல்மோ பண்ணின வேலை."