பூட்டாத பெயர்கள்

அண்ணன் நான்காவது முறையாகத் தட்டிப் பார்த்தான். இம்முறை தங்கையின் பிறந்த நாள்.

தவறான கடவுச்சொல்.

"பாஸ்வேர்டு என்னடி?"

அவள் சுவரோடு நின்றாள்.

வாசற்படியில் அம்மா கூலிக்குப் பனியன்களில் பிசிர் நூல் வெட்டிக்கொண்டிருந்தாள். கத்தரியின் சத்தம் ஒரே சீராக வந்தது. காதுத் துளைகளில் ஈர்க்குச்சி.

அம்மாவின் தோடு காணாமல் போய் எட்டு மாதம். அன்று பீரோச் சாவி மகளிடம் இருந்தது. மறுநாளே அவளைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்திவிட்டார்கள்.

திருடிக்கு எதற்குப் படிப்பு என்று கேட்டவன் அண்ணன்தான்.

அவள் நோட்டில் எழுத ஆரம்பித்தாள். அரிசி டின்னுக்கு அடியில் ஒளித்து வைத்தாள்.

முதல் நோட்டை அவன் வெந்நீர் அடுப்பில் போட்டான். படித்துக்கூடப் பார்க்கவில்லை.

இரண்டாவதை அவள் பக்கம் பக்கமாகப் படம் எடுத்தாள். கடைசியில், நோட்டில் இல்லாத ஒரு படத்தையும் சேர்த்தாள். எல்லாவற்றையும் வீட்டுக் கணினியில் ஒரே ஜிப் கோப்பாகச் சுருக்கிப் பூட்டினாள்.

பூட்ட ஒரு நிமிடம். எல்லாப் படங்களுக்கும் பெயர் வைக்க இரண்டு நாள்.

அவன் கோப்பைச் சொடுக்கினான். பட்டியல் விரிந்தது. எந்தப் படமும் திறக்கவில்லை.

பெயர்கள் மட்டும் தெரிந்தன.

அவன் சிரித்தான்.

"பூட்டத் தெரிஞ்ச மகராசிக்குப் பேர மறைக்கத் தெரியலையே! அம்மா, உன்ற மக என்னென்ன எழுதி வெச்சிருக்கறாள்னு கேளு."

அவளைப் போலவே குரலை மெலிதாக்கிக்கொண்டு, சத்தமாகப் படித்தான்.

"அம்மா என்னை அடித்த தோசைக் கரண்டி."

கத்தரி ஓடிக்கொண்டிருந்தது.

"என் சீருடை கரித்துணியான நாள்."

"அய்யோ பாவம்" என்று தன் குரலில் சொல்லிவிட்டு மறுபடி மெலிதாக்கினான்.

"பள்ளிக்கூட பஸ் போகும்போது நான் கதவைச் சாத்திக்கொள்வேன்."

"அண்ணன் பர்ஸில் இருந்த அடகுச் சீ..."

மெலிந்த குரல் அப்படியே நின்றது.

கத்தரியும் நின்றது.

அவன் கை மவுசுக்குப் போனது. பட்டியல் மறைந்தது.

"ஏன்டா நிறுத்திப்போட்ட?"

அம்மா எழுந்து வந்தாள். கத்தரியைக் கீழே வைக்கவில்லை.

"அது... சும்மா, என்னமோ கிறுக்கி வெச்சிருக்கறா."

அம்மாவின் கை காதுக்குப் போய் ஈர்க்குச்சியைத் தொட்டது.

தங்கை சுவரை விட்டு நகர்ந்தாள். நாற்காலியின் பின்னால் வந்து நின்றாள்.

"தள்ளு."

எட்டு மாதத்தில் அவனிடம் அவள் சொன்ன முதல் சொல்.

கோப்பை மறுபடி திறந்தாள். கடவுச்சொல்லை, அம்மாவுக்குத் தெரியும்படி, ஒவ்வொரு எழுத்தாகத் தட்டினாள்.