நாலு நாள்

"இன்னும் நாலே நாள் பொறுத்துக்கம்மா. அதுக்கப்புறம் அவங்களால உன்னை வெளியே நிறுத்தி வைக்க முடியாது."

வக்கீல் மெஹபூப் அலி இப்படிச் சொன்னதும்தான் ஜோதிலட்சுமிக்கு மூச்சே வந்தது. மயிலாப்பூரில் ஒரு மருந்துக் கடையின் மாடியில் இருந்தது அவருடைய அலுவலகம். பக்கத்து நாற்காலியில் அவள் கணவன் டில்லிபாபு, ஆட்டோ ஓட்டும் காக்கிச் சட்டையோடு உட்கார்ந்திருந்தான்.

குடிசை இழந்தவர்களுக்கு வீடு ஒதுக்கும் அரசு அலுவலகத்தில் ஜோதிலட்சுமி இளநிலை உதவியாளர். பணியிடை நீக்கம் செய்யப்பட்டு எண்பத்தாறு நாளாகிவிட்டது. சிந்தாதிரிப்பேட்டையில் கூவம் கரையோரக் குடிசைகளை இடித்தபோது, மாற்று வீட்டுப் பட்டியலில் இருந்த முனியம்மாள் என்ற விதவையின் பெயர் காணாமல் போய், அந்த இடத்தில் யாரோ ஒரு பெண்ணின் பெயர் ஏறியிருந்தது. ஏற்றப்பட்டது ஜோதிலட்சுமியின் கம்ப்யூட்டரில். தான் சாப்பிடப் போயிருந்த நேரத்தில் யாரோ செய்துவிட்டார்கள் என்று அவள் எல்லோரிடமும் சொல்லி அழுதிருந்தாள்.

மெஹபூப் அலி நிதானமாக விளக்கினார். பணியிடை நீக்கம் செய்தால் மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டு மெமோவைக் கையில் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் அதற்கு மேல் நீட்டிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. வேறு அலுவலகத்துக்கு வேண்டுமானால் மாற்றலாம், வேலையைத் திருப்பிக் கொடுத்தாக வேண்டும்.

டில்லிபாபு தொண்டையைச் செருமிக்கொண்டான். "நடுவுல மெமோ குடுத்துட்டா இன்னா ஆவும் சார்?"

"குடுத்துட்டா, காரணம் எழுதி நீட்டிக்கலாம். ஆனா எதை வெச்சுக் குடுப்பாங்க? ஒரு சாட்சி கிடையாது. அதனாலதான் இத்தனை நாளா இழுத்துக்கிட்டிருக்காங்க."

எந்தத் தேதியோடு மூன்று மாதம் முடிகிறது என்று கேட்டு, டில்லிபாபு அதைப் போனில் குறித்துக்கொண்டான். ஜோதிலட்சுமிக்குக் கண் கலங்கியது. அதிகம் பேசாத மனிதன். இந்த மூன்று மாதமும் சவாரியை விட்டுவிட்டு ஒவ்வொரு முறையும் கூடவே வந்தான். ஒருநாள்கூட முகம் சுளித்ததில்லை.

அடுத்த மூன்று நாளும் அவள் தபால்காரர் வரும் நேரத்தில் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். எதுவும் வரவில்லை. நான்காம் நாள் காலை, அலுவலகத்துக்குக் கட்டிப் போகும் புடவை ஒன்றை எடுத்து இஸ்திரி போட்டாள்.

பதினோரு மணிக்கு அலுவலக உதவியாளர் ஒருவர் கே.கே. நகர் வீட்டுக் கதவைத் தட்டினார். கையில் பழுப்பு உறை. ஜோதிலட்சுமி கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டாள்.

அவர் போனதும் உறையைக் கிழித்தாள். குற்றச்சாட்டு மெமோ. முதல் பக்கம் அவளுக்குத் தெரிந்த கதைதான். கடைசிப் பக்கத்தில் சாட்சிகள் பட்டியல். ஒரே ஒரு பெயர்.

அதை இரண்டு முறை படித்தாள். படித்தது புரியாதவள்போல இன்னொரு முறையும் படித்தாள். பிறகு மெதுவாகத் திரும்பினாள்.

டில்லிபாபு சவாரிக்குப் போகாமல் சுவரோரம் நின்றுகொண்டிருந்தான்.

"அந்தம்மா இன்னும் மார்க்கெட்டாண்ட பிளாட்பாரத்துலதான் படுத்துகினு கீது, ஜோதி. தெனம் அந்தப் பக்கமாத்தான் வண்டி ஓட்டுறேன்."

அவள் அந்தக் கடைசிப் பக்கத்தை அவன் முன்னால் நீட்டினாள்.

"நானா ஒண்ணும் சேத்து சொல்லல" என்றான் அவன். "முனியம்மா பேரை எடுத்துட்டு உன் பெரியம்மா பொண்ணு பேரைப் போட்டேன்னு எங்கிட்ட சொன்னியே, அதைத்தான் சொன்னேன்."