பொறாமை ஒழிந்த நகரம்

கர்டிஸ் கையில் கத்தியோடு வந்து எதிரே உட்கார்ந்ததும் வெண்டெல் நாற்காலியைச் சட்டென்று பின்னுக்கு இழுத்துக்கொண்டான். கத்தி என்னவோ ரொட்டி வெட்டத்தான். ஆனால் கர்டிஸின் மனைவி ரோவீனாவோடு ஒரு மாதமாக ரகசிய உறவு வைத்திருப்பவனுக்கு அதெல்லாம் எங்கே உறைக்கப்போகிறது?

இத்தனைக்கும் வெண்டெல் எடுத்துக்கொண்டிருந்த ஆவணப்படம் சான் பிரான்சிஸ்கோவின் கட்டற்ற காதலைப் பற்றியது. படத்துக்குப் பெயரே 'பொறாமை ஒழிந்த நகரம்'. 'ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்தொன்பதிலும் ஒளித்து மறைத்துக் காதலிப்பவன் கோழை' என்று முதல் காட்சியிலேயே கணீரென்று பேசி வைத்திருந்தான், அந்த மகா தைரியசாலி.

"காப்பிக்கு சர்க்கரை போடுவீங்களா?" என்று கேட்டாள் ரோவீனா. ஒரு மாதமாக அவள் கலந்து கொடுத்த காப்பியைக் குடித்தவன் அசந்துபோனான். என்னமா நடிக்கிறாள்!

கேமராவை ஓடவிட்டு, பேட்டிக்கு உட்கார்ந்த தம்பதியிடம் முதல் கேள்வியைக் கேட்டான். தங்களுக்குள் ஒளிவுமறைவே கிடையாது என்றார் கர்டிஸ். யாரோடு பழகினாலும் ஒருவருக்கொருவர் சொல்லிவிடுவார்களாம்.

"இவ பழகுற ஆம்பளைங்க அத்தனை பேரையும் எனக்குத் தெரியும். சொல்லவா?"

வெண்டெல் கேமராவுக்குப் பின்னால் தலையை ஒளித்துக்கொண்டான். கர்டிஸ் ரொட்டியை வெட்டிக்கொண்டே அடுக்கினார். கித்தார் வாசிக்கிற டுவைட், தெருமுனைத் தச்சர் மிலோ, மூக்கு நீண்ட தபால்காரர்... ரோவீனா வேறு நடுநடுவே திருத்தம் சொன்னாள். எல்லார் பெயரும் வந்துபோனது. வெண்டெல் பெயர் மட்டும் வரவில்லை.

அப்பாடா என்று மூச்சு விட்டான். விட்ட மூச்சு அடங்குவதற்குள் பெருமை தலைக்கேறியது. தபால்காரரைக்கூடச் சொன்னவள் தன்னை மட்டும் மறைத்திருக்கிறாள் என்றால் சும்மாவா? மற்றதெல்லாம் பொழுதுபோக்கு, இதுதான் காதல். தன் படத்தின் கொள்கைக்கே நேர் விரோதமாக அவனுக்குக் கண் கலங்கியது. இவளைக் கூட்டிக்கொண்டு போய் சர்ச்சில் முறைப்படி கல்யாணமே செய்துகொள்வது என்று உட்கார்ந்த இடத்திலேயே முடிவு கட்டிவிட்டான்.

கர்டிஸ் கூடத்தில் சாப்பிட்டுக்கொண்டிருக்க, வெண்டெல் சமையலறைக்குள் நழுவினான்.

"என்னைப் பத்தி மட்டும் அவர்கிட்ட ஏன் சொல்லல?" என்று குழைந்தான். பதிலைக் கேட்கக் கண்களையும் மூடிக்கொண்டான்.

"அடடா," என்ற ரோவீனா, ஈரக் கையைத் துடைத்தபடி கூடத்தைப் பார்த்துக் குரல் கொடுத்தாள்.

"கர்டிஸ், ஒரு பேரு விட்டுப்போச்சு."