மூன்றாவது மேடு

பனிச்சறுக்குப் பந்தயத்தில் ஒரு வழக்கம் உண்டு. முதலில் கீழே வந்து சேர்ந்தவன், மூச்சு வாங்க வாங்கவே வயர்லெஸ்ஸை எடுத்து, மேலே காத்திருக்கும் தன் அணிக்காரனுக்குப் பாதையைச் சொல்ல வேண்டும்: பனி எங்கே கண்ணாடியாய் இறுகிக் கிடக்கிறது, எந்த மேடு ஆளைத் தூக்கி எறியும் என்று. அந்தப் பருவத்தின் கடைசிப் பந்தயத்தில், கோப்பைக்குத் தன்னோடு மோதிய காஸ்பருக்கு ரெட்டோ எல்லாவற்றையும் சொன்னான், மூன்றாவது மேட்டைத் தவிர.

"வாடா சாம்பியன்! கோப்பையில பீர் ஊத்திக் கொண்டு வரலையா?" ஆஸ்பத்திரிக் கட்டிலில், கம்பிகள் செருகிய காலோடு காஸ்பர் சிரித்தான். "அந்த மூணாவது மேட்டை நீ சொல்லித்தான் இருப்பே. காத்து இரைச்சல்ல எனக்குத்தான் கேக்கல. கோச்கிட்டயும் அப்படியே சொல்லிட்டேன்."

ரெட்டோ தலையசைத்தான்.

"ஆமா, அந்த மேட்டுக்கு என்னதான்டா சொன்னே?"

"இடப்பக்கம் ஒதுங்கி... மேடு வர்றதுக்கு முன்னாடியே குனிஞ்சு அமுக்கிப் போன்னு."

காஸ்பர் கண்களை மூடிக்கொண்டான். பந்தயத்துக்கு முன் எல்லோரும் செய்வதுபோல் உள்ளங்கையைச் சறுக்குக்கட்டையாக்கி, முதல் மேடு, இரண்டாவது மேடு என்று காற்றில் ஓட்டினான். மூன்றாவதில் கை இடப்பக்கம் ஒதுங்கி, தாழ்ந்து, போர்வைமேல் மெல்ல இறங்கியது.

"விழாம வந்திருப்பேன்டா," என்றான்.