பத்தாவது தடவை எடுக்கலாம்

மேசை மேலிருந்த கைபேசி மறுபடியும் துடித்தது. திரையில் ‘மாப்பிள்ளை’ என்று வந்தது.

படகுத்துறைப் பொறுப்பாளர் அதை ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குப்புறக் கவிழ்த்து வைத்தார்.

நான்காவது தடவை. அவருக்கு உள்ளூர ஒரே குஷி.

மாப்பிள்ளை என்றால் தங்கையின் கணவர், மேலே அணையில் பொறியாளர். போன மாதம் தங்கை வீட்டுச் சாப்பாட்டில், இருபது பேர் முன்னால், எங்கள் மச்சான் தண்ணீர் மேலேயே உட்கார்ந்து நனையாமல் சம்பாதிப்பவர் என்று மாப்பிள்ளை அறிமுகம் செய்து வைத்தார். கூட்டம் கொல்லென்று சிரித்தது. பாதிச் சாப்பாட்டில் எழுந்து கை கழுவிக்கொண்டு வந்தவர்தான் இவர். அன்றோடு பேச்சுவார்த்தை நின்றது.

மாப்பிள்ளைதான் முதலில் கூப்பிட வேண்டும். அதுவும் பத்துத் தடவை கூப்பிட்டால்தான் எடுப்பது. மனைவியிடம் அவர் இப்படிச் சபதம் போட்டபோது அவள் தலையில் அடித்துக்கொண்டாள். முறுக்கு என்ன மாப்பிள்ளைகளுக்கு மட்டும் எழுதி வைத்ததா? மச்சானுக்கும் கொஞ்சம் இருந்துவிட்டுப் போகட்டுமே.

இன்று காலை தங்கை இரண்டு பிள்ளைகளோடு படகுத்துறைக்கே வந்துவிட்டாள்.

“நான் இங்க வந்தது அவருக்குத் தெரியாதுண்ணா. ஆனா இன்னிக்கு உனக்கு போன் பண்ணணும்னு சொல்லி ஒத்துக்க வச்சிருக்கேன். பண்ணினா எடுத்துத் தொலை.”

எடுக்கிறேன் எடுக்கிறேன் என்று சிரித்துக்கொண்டே, நல்ல படகாகப் பார்த்து மூவரையும் ஏற்றி அனுப்பினார். சின்னவள் மணல்திட்டுக்குப் போயே ஆக வேண்டும் என்று அடம்பிடித்தாள். ஆற்றின் நடுவில் இருக்கும் திட்டு அது. விடுமுறை நாளில் குடும்பம் குடும்பமாக அங்கே இறங்கிப் பந்து விளையாடுவார்கள். இறங்கியதும் முதல் வேலையாக லைஃப் ஜாக்கெட்டைக் கழற்றி வீசுவார்கள். தொண்டை கிழியக் கத்தினாலும் கேட்பதில்லை.

வெயில் சுள்ளென்று அடித்தது. மலைப்பக்கம் மட்டும் மூன்று நாளாகக் கறுத்துக் கிடந்தது.

ஐந்தாவது. ஆறாவது.

கெஞ்சட்டும், நன்றாகக் கெஞ்சட்டும்.

டீ வாங்க எழுந்தவர், துறையின் படிக்கட்டில் காலையில் காய்ந்திருந்த ஒரு படி நனைந்திருப்பதைப் பார்த்தார். படகு கிளப்பிய அலையாக இருக்கும். நாணல் பக்கம் எப்போதும் நிற்கும் கொக்குகளில் ஒன்றைக்கூடக் காணவில்லை.

திரும்பி வந்து உட்கார்ந்தபோது ஏழு. டீ ஆறுவதற்குள் எட்டு.

அதற்குப் பிறகு கைபேசி ஓய்ந்துவிட்டது.

ஒரு நிமிடம். இரண்டு நிமிடம். ரொம்பத்தான் இழுத்துவிட்டோமோ? இதோடு மாப்பிள்ளை ஒரேயடியாக அறுத்துக்கொண்டால் தங்கையின் முகத்தில் எப்படி விழிப்பது? வெட்டி வீம்புக்கு ஒரு உறவையே கெடுத்துக்கொண்டோமே என்று தன் மேலேயே எரிச்சல் வந்தது.

ஒன்பதாவது தடவை அடித்ததுமே சபதத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு எடுத்தார். விறைப்பாகப் பேச வேண்டும் என்றுதான் நினைத்திருந்தார். சொல்லுங்க மாப்பிள்ளை என்று குழைந்துதான் வந்தது.

முதலில் இரைச்சல் மட்டும் கேட்டது. சிக்னல் இல்லை போலிருக்கிறது என்று கைபேசியைக் காதோடு அழுத்திக்கொண்டு படிக்கட்டுக்கு வந்தார்.

“மச்சான், உங்க ஆபீஸ் போன் செத்துக் கிடக்கறதாலதானே உங்க நம்பருக்கு அடிக்கிறேன்! உங்ககிட்ட சொல்லிட்டுத் திறக்கலாம்னு முடிஞ்ச மட்டும் பார்த்தேன். அணை தாங்கல. மதகு எல்லாத்தையும் திறந்து அரை மணி நேரமாச்சு. ஆத்துல யாராவது இருக்காங்களா?”

அணையிலிருந்து தண்ணீர் இங்கே வந்து சேர அரை மணி நேரம் பிடிக்கும். அது இருவருக்கும் தெரியும்.

மணல்திட்டு பாதியாகியிருந்தது. அதன் விளிம்பில் தங்கை நின்றிருந்தாள். அண்ணன் போனில் பேசிக்கொண்டிருப்பதைப் பார்த்துவிட்டாள். சந்தோஷம் தாங்காமல் சின்னவளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, இந்தப் பக்கம் பார்த்துக் கையை ஆட்டினாள்.